பகையை அறியாத தேனீ

ஐரோப்பியத் தேனீ ஜப்பானுக்கு வந்து ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டு ஆகிறது. மெய்ஜி காலத்தில், 1870களில், அரசே அதைத் தருவித்தது. நம் ஊரில் இத்தாலியத் தேனீ என்று சொல்லி வளர்க்கிறோமே, அதே இனம். சாதுவானது, நிறையத் தேன் தரும், பெட்டியைக் கைவிட்டு எளிதில் ஓடிப்போகாது. ஜப்பானியப் பண்ணையாளர்கள் அதைத் தலைமுறை தலைமுறையாக வளர்த்துவருகிறார்கள். ஆனால் பெட்டியிலிருந்து பிரிந்துபோன கூட்டம் அங்கே காட்டில் நிலைப்பதில்லை. அமெரிக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும் அப்படிப் பிரிந்துபோன கூட்டங்கள் மரப்பொந்துகளில் குடியேறிப் பெருகிக் காட்டுத் தேனீக்களாகவே மாறிவிட்டன. ஜப்பானின் பெரிய தீவுகளில் அது நடக்கவில்லை. டோக்கியோவுக்குத் தெற்கே ஆயிரம் கிலோமீட்டர் தள்ளி நடுக்கடலில் கிடக்கும் ஓகசவாராத் தீவுகளில் மட்டும் அதே தேனீ மனிதர் துணையில்லாமல் நன்றாக வாழ்கிறது. பூக்கள் எங்கும் இருக்கின்றன, பொந்துகளும் இருக்கின்றன. ஓகசவாராவில் ராட்சதக் குளவி இல்லை என்பதுதான் வித்தியாசம்.

வெஸ்பா மாண்டரீனியா என்பது இந்தக் குளவியின் அறிவியல் பெயர். பிரெட்ரிக் ஸ்மித் என்ற ஆங்கிலேயப் பூச்சியியலாளர் 1852இல் முறைப்படி விவரித்துப் பெயரிட்டார். கூட்டமாக வாழும் குளவிகளில் உலகில் இதைவிடப் பெரியது கிடையாது. ராணி 5 சென்டிமீட்டர் வரை வளரும். இறக்கையை விரித்தால் 7 சென்டிமீட்டரைத் தாண்டும். வேலைக்காரக் குளவிகள் சற்றே சிறியவை. அகன்ற ஆரஞ்சு நிறத் தலை, கத்தரி போட்டது போல் வெட்டும் தாடைகள், பழுப்பும் மஞ்சளும் மாறிமாறி வளையமிட்ட வயிறு, 6 மில்லிமீட்டர் நீளக் கொடுக்கு. தேனீயின் கொடுக்கு கொட்டிய இடத்திலேயே பிய்ந்து நின்றுவிடும். இதன் கொடுக்கு அப்படி நிற்பதில்லை, எத்தனை முறை வேண்டுமானாலும் கொட்டலாம். 2013இல் சீனாவின் ஷாங்சி மாகாணத்தில் ஒரே பருவத்தில் குளவிகள் கொட்டி நாற்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள்.

தமிழ்நாட்டுக் கிராமங்களில் கதண்டு கூடு கட்டிவிட்டது என்றால் அந்தப் பக்கம் ஆள் நடமாட்டம் நின்றுவிடும். தீயணைப்புத் துறைக்குச் சொல்லியனுப்புவார்கள். அந்தக் கதண்டுக்குப் பெரிய உறவினர் என்று இதைச் சொல்லலாம். தென்னிந்தியாவில் இது இல்லை. இமயமலைச் சரிவுகளிலும் வடகிழக்கு மாநிலங்களிலும் தொடங்கி, நேபாளம், சீனா, தைவான், கொரியா, ஜப்பான், ரஷ்யாவின் கிழக்குக் கோடி வரை இதன் தாய்நிலம் விரிகிறது. நாகாலாந்தில் காட்டிலிருந்து இளங்கூடுகளை எடுத்துவந்து, வீட்டருகே குழி தோண்டி வைத்து வளர்த்து, பருவம் முடியும்போது புழுக்களை எடுத்து உண்கிறார்கள். அவர்களுக்கு இது விலையுயர்ந்த உணவு. சொந்த நிலத்தில் ஓர் உயிருக்கு இப்படிப் பலவிதமான உறவுகள் அமைந்துவிடுகின்றன: அதைத் தின்கிறவர்கள், அதற்கு அஞ்சுகிறவர்கள், அதை எதிர்க்கத் தெரிந்தவர்கள் என்று.

கூட்டின் ஆயுள் ஓராண்டுதான். வசந்தத்தில் மண்ணுக்குள்ளிருந்து விழித்தெழும் ராணி தன்னந்தனியாக வேலையைத் தொடங்குகிறது. எலி விட்டுப்போன வளை, வேர் மக்கிய பள்ளம் என ஏதாவதொன்றைத் தேர்ந்து, மரநாரை மென்று கூழாக்கி அறைகள் கட்டி, முட்டையிட்டு, முதல் புழுக்களுக்குத் தானே இரைதேடி ஊட்டுகிறது. கோடையில் வேலைக்காரக் குளவிகள் வெளிவந்த பிறகு ராணி முட்டையிடுவதோடு நிறுத்திக்கொள்ளும். இலையுதிர்காலம் நெருங்கும்போது கூட்டில் புதிய ராணிகளும் ஆண் குளவிகளும் உருவாகும். இணைசேர்ந்த இளம் ராணிகள் மண்ணுக்குள் புகுந்து குளிர்காலத்தை உறங்கிக் கழிக்கும். பழைய ராணி, வேலைக்காரர்கள், ஆண்கள் எல்லாரும் குளிரில் மடிந்துவிடுவார்கள். அந்தச் சில இளம் ராணிகளின் உடலுக்குள்தான் அடுத்த ஆண்டுக் கூடுகள் எல்லாம் அடங்கியிருக்கின்றன. இந்த ஆண்டுச் சக்கரத்தை வாசகர் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பெருங்குளவியின் கொடூரம், அதை ஒழிக்க முடிந்தது ஆகிய இரண்டுக்கும் விளக்கம் இதில்தான் இருக்கிறது.

முதலில் கொடூரத்தைப் பார்ப்போம். வளர்ந்த குளவியின் இடை நூலிழை போன்றது. திட உணவு அதன் வழியே இறங்காது. ஆகவே பிடித்த இரையைக் குளவி தான் தின்பதில்லை. காலையும் இறக்கையையும் கத்தரித்து, மார்புச் சதையை மட்டும் உருண்டையாக்கிப் புழுக்களுக்குக் கொண்டுபோகிறது. புழு அதைச் செரித்து, அமினோ அமிலங்கள் நிறைந்த திரவத்தை வாயிலிருந்து சுரக்கிறது. வளர்ந்த குளவிகள் அதைக் குடித்துத்தான் நாளெல்லாம் பறக்கின்றன. பிள்ளைக்குத் தாய் ஊட்டுவதோடு பிள்ளையும் தாய்க்கு ஊட்டுகிறது. ஜப்பானின் ரிகென் ஆய்வு நிறுவனத்தில் தகாஷி அபே இந்தத் திரவத்தின் சேர்மானத்தை ஆராய்ந்தார். அதன் அடிப்படையில் விளையாட்டு வீரர்களுக்கான பானமே சந்தைக்கு வந்தது. 2000ஆம் ஆண்டு சிட்னி ஒலிம்பிக் மாரத்தானில் தங்கம் வென்ற நவோகோ தகாஹாஷி அதைக் குடித்தவர்.

கோடைவரை வண்டுகளும் வெட்டுக்கிளிகளும் மற்றப் பூச்சிகளும் இந்தத் தேவைக்குப் போதும். ராணிப் புழுக்கள் வளரும் காலத்தில் போதாது. அடுத்த ஆண்டு முழுவதையும் சுமக்கப்போகிற உடல்கள் அவை. இறைச்சி மிகுதியாக வேண்டும். அந்த நேரத்தில், ஆயிரக்கணக்கான கொழுத்த புழுக்களை ஒரே இடத்தில் அடுக்கிவைத்திருக்கும் தேனீக்கூட்டைவிடப் பெரிய வேட்டை எது?

மாகோதோ மாட்சுரா, ஷோயிச்சி சகாகாமி என்ற இரு ஜப்பானிய ஆய்வாளர்கள் இந்தத் தாக்குதலை உற்றுக் கவனித்து 1973இல் எழுதிய கட்டுரை இன்றுவரை இத்துறையில் அடித்தளமாக இருக்கிறது. தாக்குதலை அவர்கள் மூன்று கட்டங்களாகப் பிரித்தார்கள். முதலில் வேட்டை: ஒற்றைக் குளவி வருகிறது, ஒரு தேனீயைப் பிடித்துச் சதையை எடுத்துக்கொண்டு போகிறது. இது எல்லாக் குளவிகளும் செய்வதே. அடுத்த கட்டம் படுகொலை. ஒரே கூட்டைச் சேர்ந்த குளவிகள் திரண்டுவருகின்றன. இப்போது அவை சதையை எடுப்பதில்லை. பெட்டி வாசலில் நின்று, எதிர்ப்படும் தேனீயைத் தாடையால் நறுக்கிப் போட்டுவிட்டு அடுத்ததைப் பிடிக்கின்றன. ஒரு குளவி நிமிடத்துக்கு 40 தேனீக்கள் வரை கொல்லும். முப்பது குளவிகள் மூன்று மணி நேரத்தில் முப்பதாயிரம் தேனீக்கள் கொண்ட கூட்டத்தைத் தீர்த்துவிடும். மூன்றாவது கட்டம் ஆக்கிரமிப்பு. செத்துக்கிடக்கும் தேனீக்களைத் தாண்டி உள்ளே புகுந்து, கூட்டைத் தம்முடையதாக்கிக்கொண்டு காவல் வைக்கின்றன. புழுக்களையும் கூட்டுப்புழுக்களையும் நாட்கணக்கில் சுமந்து செல்கின்றன. இவ்வாறு அணிதிரண்டு மற்றொரு சமூகப் பூச்சியின் கூட்டையே அழிக்கும் வழக்கம் பெரும்பாலான மற்றக் குளவிகளிடம் இவ்வளவு முற்றியிருக்கவில்லை.

ஐரோப்பியத் தேனீ இதை எப்படி எதிர்கொள்கிறது என்பதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனத்துப்போகிறது. அது கோழை இல்லை. வாசலில் குளவியைக் கண்டதும் ஒவ்வொன்றாக வெளியே பாய்கிறது. கரடியையும் மனிதரையும் விரட்டப் போதுமான அதே வீரம்தான். ஆனால் பெருங்குளவியின் தடித்த தோலில் அதன் கொடுக்கு இறங்க இடமில்லை. ஒன்று சாக அடுத்தது வருகிறது, அதுவும் சாக அடுத்தது. கடைசித் தேனீ விழும்வரை இது நிற்பதில்லை.

ஜப்பானின் சொந்தத் தேனீ வேறுவிதமாக நடந்துகொள்கிறது. அது நம்முடைய அடுக்குத்தேனீயின் கிளையினம். மார்த்தாண்டம் பக்கத்துப் பெட்டிகளில் இருப்பதும் அதுவும் ஒரே இனம். டமகாவா பல்கலைக்கழகத்தின் மசாதோ ஓனோவும் அவருடைய குழுவினரும் 1995இல் நேச்சர் இதழில் இதை விளக்கினார்கள். உளவு பார்க்க வரும் குளவி நல்ல கூடு ஒன்றைக் கண்டுபிடித்தால், வயிற்று நுனியருகே உள்ள சுரப்பியிலிருந்து ஒரு வாசனைப் பொருளைக் கூட்டின்மேல் தேய்த்துவிட்டுப் போகும். தன் தோழர்களை அந்த இடத்துக்குத் திரட்டுவதற்கான குறி அது. ஜப்பானியத் தேனீ அந்த வாசனையைத் தானும் படிக்கிறது. குளவிகள் தங்களுக்குள் பேசிக்கொள்வதைத் தேனீ ஒட்டுக்கேட்கிறது என்று சொன்னால் தவறில்லை. வாசனை எட்டியதும் வெளியே பறந்து திரியும் தேனீக்கள் குறைகின்றன. வாசலுக்குள் நூற்றுக்கணக்கானவை கூடுகின்றன. பாயாமல் காத்திருக்கின்றன.

உளவுக் குளவி உள்ளே காலெடுத்து வைத்த கணத்தில் ஐந்நூறுக்கும் மேற்பட்ட தேனீக்கள் அதன்மேல் விழுந்து மூடிக்கொள்கின்றன. ஒன்றுகூடக் கொட்டுவதில்லை. இறக்கையை அசைக்காமல் பறக்கும் தசைகளை மட்டும் அதிர வைக்கின்றன. குளிர்காலத்தில் கூட்டைச் சூடாக வைத்திருக்க அவை கையாளும் அதே உத்தி, இங்கே ஆயுதமாகிறது. பந்தின் நடுவில் வெப்பம் 46 டிகிரி செல்சியஸைத் தொடுகிறது. மூச்சுவிடும் தேனீக்களால் கரியமில வாயுவும் உள்ளே பெருகுகிறது. சுகஹாரா, சகாமோதோ ஆகியோர் 2009இல் காட்டியபடி, வெப்பமும் இந்த வாயுவும் சேரும்போது குளவி தாங்கக்கூடிய வெப்ப எல்லை இறங்கிவிடுகிறது. தேனீயின் எல்லை அதைவிடச் சில டிகிரி மேலே இருக்கிறது. அந்தச் சில டிகிரி இடைவெளிக்குள் பந்தின் வெப்பத்தை நிறுத்திவைத்துக் குளவியைக் கொல்கிறது தேனீக்கூட்டம். உளவாளி திரும்பிப் போகாததால் படை வருவதில்லை.

இதற்கு விலை உண்டு. பந்தில் சேர்ந்து வெப்பத்தைத் தாங்கிய தேனீக்களின் ஆயுள் குறைந்துபோவதை 2018இல் வெளியான ஜப்பானிய ஆய்வு காட்டியது. ஒருமுறை பந்தில் கலந்துகொண்ட தேனீக்கள் அடுத்த முறையும் கலந்துகொள்கின்றன. இம்முறை வெப்பம் மிகுந்த நடுப்பகுதிக்கே போகின்றன. எப்படியும் சில நாட்களில் இறக்கப்போகிறவை ஆபத்தான இடத்தை எடுத்துக்கொள்கின்றன என்று ஆய்வாளர்கள் இதை விளக்குகிறார்கள். தனித் தேனீயின் மனத்தில் என்ன இருக்கிறது என்று பேசுவது வீண். ஆனால் கூட்டம் என்ற உடலுக்கு, எந்த உறுப்பை எப்போது பணயம் வைப்பது என்பது தெரிந்திருக்கிறது.

பந்தும் எப்போதும் வெல்வதில்லை. படுகொலைக் கட்டம் தொடங்கிவிட்டால், பத்துப் பதினைந்து குளவிகள் ஒரே நேரத்தில் வாசலில் இறங்கினால், அடுக்குத்தேனீயும் தோற்றுவிடும். சில சமயம் கூட்டை அப்படியே விட்டுவிட்டு ஓடிவிடும். வியட்நாமில் இதற்கு முன்கூட்டியே காப்புச் செய்துகொள்ளும் தேனீக்களை ஹெதர் மட்டிலா தலைமையிலான குழு கண்டது. அங்கே தாக்குவது மாண்டரீனியாவின் நெருங்கிய உறவான வெஸ்பா சோரோர். அந்தக் குளவி வந்துபோனதும் தேனீக்கள் கோழிக்கூண்டுக்கும் எருமைத் தொழுவத்துக்கும் பறந்துபோய், சாணத் துணுக்குகளை வாயில் கவ்விவந்து கூட்டு வாசலைச் சுற்றிப் புள்ளிபுள்ளியாக அப்பின. புள்ளிகள் அடர்ந்திருந்த வாசல்களில் குளவிகள் இறங்குவதும் மரத்தை மென்று வாசலைப் பெரிதாக்குவதும் வெகுவாகக் குறைந்தன. 2020இல் வெளியான இந்த ஆய்வைத் தேனீக்கள் கருவியைப் பயன்படுத்துவதற்கான முதல் சான்று என்று அதை எழுதியவர்கள் கருதுகிறார்கள். பூவைத் தவிர வேறெதிலும் வாய் வைக்காது என்று நாம் நம்பும் தேனீ சாணத்தைச் சுமந்திருக்கிறது. அதே பகுதியில் வளர்க்கப்படும் ஐரோப்பியத் தேனீக்கள் இதைச் செய்யவில்லை.

ஐரோப்பியத் தேனீயை மந்தமானது என்று இதைவைத்து முடிவுகட்டிவிடக் கூடாது. சைப்ரஸ் தீவில் அதே இனத்தின் கிளை ஒன்று, அங்குள்ள கீழைக்குளவியைச் சூழ்ந்து வயிற்றை நெருக்கி, அது மூச்சுவிட முடியாமல் செய்து கொல்கிறது. அந்தக் குளவி வெப்பத்தைத் தாங்கும் உடம்புடையது. எனவே அங்கே வெப்பத்தால் பயனில்லை, மூச்சைத்தான் நிறுத்தியாக வேண்டும். எந்தத் தேனீ எந்தக் குளவியோடு ஆயிரக்கணக்கான தலைமுறைகள் வாழ்ந்ததோ, அதற்கேற்ற தற்காப்பு அதனிடம் உருவாகியிருக்கிறது. எதிர்க்கத் தெரியாத கூட்டங்கள் ராணி விடாமல் அழிந்தன, ஓரளவு தெரிந்தவை பிழைத்துப் பெருகின. பகைமையும் காலப்போக்கில் ஒரு வகை உறவாகிவிடுகிறது. அயல் உயிரினம் என்ற சிக்கலின் வேர் இங்கேதான் இருக்கிறது என்பது என் எண்ணம். பெருங்குளவியின் உருவமோ நஞ்சோ ஆபத்தின் முழு அளவு கிடையாது. அது புதிதாகப் போய்ச் சேரும் ஊரில் அதை அறிந்தவர் யாரும் இல்லை என்பதே பெரிய ஆபத்து.

2019 ஆகஸ்டில் அது அப்படியோர் ஊருக்குப் போய்ச் சேர்ந்திருந்தது. கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தில், வான்கூவர் தீவிலுள்ள நனைமோ நகரில் முதல் குளவிகள் பிடிபட்டன. செப்டம்பர் 18 அன்று இரவு உள்ளூர்த் தேனீ வளர்ப்பாளர்கள் சேர்ந்து மண்ணுக்குள் இருந்த கூட்டைக் கண்டு அழித்தார்கள். கரியமில வாயுவால் குளவிகளை மயக்கிக் கூட்டை எடுத்தபோது தடித்த உடைகளையும் மீறிக் கொட்டு வாங்கினார்கள். அதோடு முடிந்தது என்று நினைத்திருந்த வேளையில், டிசம்பரில் எல்லைக்கு இப்பால், அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்து பிளெய்ன் நகர்ப் பகுதியில் ஒரு குடியிருப்பாளர் இறந்து கிடந்த பெருங்குளவியைப் பார்த்துத் தகவல் தந்தார். மரபணுவை ஒப்பிட்டபோது நனைமோக் குளவி ஜப்பானியக் குளவிகளோடும், வாஷிங்டன் குளவி தென்கொரியக் குளவிகளோடும் ஒத்துப்போயின. ஒரே கடற்கரையில், ஒரே ஆண்டில், இரண்டு வெவ்வேறு நாடுகளிலிருந்து தனித்தனியாக வந்திருக்கின்றன. கருவுற்று உறங்கும் ஒரே ஒரு ராணி சரக்கோடு சரக்காகக் கடலைக் கடந்தால் போதும். பசிபிக்கின் இரு கரைகளுக்கும் நடுவே ஓடும் கப்பல்களின் எண்ணிக்கையை நினைத்தால், இது இவ்வளவு தாமதமாக நடந்ததே வியப்பு.

வட அமெரிக்காவுக்குத் தேனீயும் அயலாள்தான். 1622இல் வர்ஜீனியாவுக்குக் கப்பலேறி வந்த ஐரோப்பியத் தேனீயின் வழித்தோன்றல்களே இன்று அங்குள்ள பெட்டிகளில் இருப்பவை. ஆனால் நானூறு ஆண்டுகளில் அந்த நாட்டின் வேளாண்மை அந்தத் தேனீயின் முதுகில் ஏறி உட்கார்ந்துவிட்டது. ஒவ்வொரு பிப்ரவரியிலும் கலிபோர்னியாவின் பாதாம் தோப்புகள் பூக்கும்போது நாட்டின் வணிகத் தேன்பெட்டிகளில் பாதிக்கு மேல் லாரிகளில் அங்கே போய் இறங்குகின்றன. பிளெய்ன் அமைந்திருக்கும் வாட்கம் மாவட்டம் ராஸ்பெர்ரிக்குப் பெயர்பெற்றது. மாநிலத்தின் கிழக்கே ஆப்பிள் தோட்டங்கள் விரிகின்றன. எல்லாமே மகரந்தச் சேர்க்கையை நம்பியிருப்பவை. ஏற்கெனவே வரோவா உண்ணியாலும் நோய்களாலும் பூச்சிக்கொல்லிகளாலும் ஒவ்வொரு குளிர்காலத்திலும் பெட்டிகளை இழந்துகொண்டிருந்த பண்ணையாளர்களுக்கு இது மேலும் ஓர் அடி. இந்தக் குளவியைத் தடுக்காமல் விட்டால் 20 ஆண்டுகளுக்குள் பசிபிக் வடமேற்கு முழுவதும் பரவிவிடக்கூடும் என்று 2020இல் வெளியான ஒரு மாதிரிக் கணிப்பு எச்சரித்தது. நாட்டுக்கே உரிய காகிதக் குளவிகளும் மற்றப் பூச்சிகளும் இதற்கு இரையாகும் என்பதும் சின்ன விஷயமில்லை.

2020 மே மாதம் செய்தி ஊடகங்கள் இதைக் கொலைகாரக் குளவியாக்கி உலகெங்கும் கொண்டுசென்றன. அச்சத்தில் மக்கள் எதிர்ப்பட்ட பெரிய பூச்சியையெல்லாம் அடித்தார்கள். சில்வண்டுகளைப் பிடிக்கும் அப்பாவிக் குளவிகளும் உருண்டையான பெருவண்டுத் தேனீ ராணிகளும்கூடத் தப்பவில்லை. இந்த வீண் சாவுகளை நினைத்தால் எனக்கு ஆத்திரமாக வருகிறது. அதே அச்சம் ஆயிரக்கணக்கான கண்களையும் திறந்துவிட்டது என்பதையும் சொல்லியாக வேண்டும். வாஷிங்டன் மாநில வேளாண்துறை, ஆரஞ்சுச் சாறும் அரிசி மதுவும் கலந்து பொறி செய்யும் முறையை மக்களுக்குக் கற்றுக்கொடுத்தது. காட்டில் ஓக் மரங்களிலிருந்து கசிந்து புளிக்கும் சாறு இந்தக் குளவிக்குப் பிடிக்கும். பொறியின் வாசனை அதை ஒத்தது. வீட்டுக் கொல்லைகளில், வேலியோரங்களில், பண்ணைகளில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பொறிகள் தொங்கின. பொறி வைத்தவர்கள் வாரந்தோறும் அதைக் காலிசெய்து உள்ளே விழுந்ததை அனுப்பினார்கள். ஜூலை 2020இல் பர்ச் பே அருகே பொறியில் முதல் குளவி கிடைத்தது.

ஆனால் பொறியில் செத்த குளவியால் கூட்டுக்கு வழிகாட்ட முடியாது. உயிரோடு பிடித்து, பின்தொடர வேண்டும். அடர்ந்த காட்டில் பறக்கும் குளவியின் பின்னால் யார் ஓடுவது? துறையின் பூச்சியியலாளர் ஸ்வென்-எரிக் ஸ்பிச்சிகரும் அவருடைய குழுவினரும் சிறிய ரேடியோ அலைபரப்பியைக் குளவியின் உடலில் பொருத்தினார்கள். பசையை நம்பியபோது அது சரியாக ஒட்டவில்லை. அடுத்து, குளவியைப் பனிக்கட்டியில் வைத்துக் குளிரால் செயலிழக்கச் செய்து, பல்லிடுக்கைச் சுத்தம் செய்யும் நூலால் அலைபரப்பியை அதன் இடுப்பில் கட்டினார்கள். ஐந்து சென்டிமீட்டர்கூட இல்லாத, கொட்டினால் ஆளைச் சாய்க்கக்கூடிய உயிரின் இடையில் முடிச்சுப் போடுவதற்கு வேண்டிய நிதானத்தை நினைத்துப் பாருங்கள். 2020 அக்டோபர் 22 அன்று அப்படி ஒரு குளவி அவர்களைக் கூட்டுக்கே அழைத்துச் சென்றது. தனியார் நிலம் ஒன்றிலிருந்த மரத்தின் பொந்தில், தரையிலிருந்து இரண்டரை மீட்டர் உயரத்தில் கூடு இருந்தது.

இரண்டு நாட்கள் கழித்து, விடியுமுன், தடித்த நுரைப்பஞ்சு உடைகளோடு போனார்கள். பொந்தின் விரிசல்களை நுரையால் அடைத்து, மரத்தைச் சுற்றி பிளாஸ்டிக் உறை கட்டி, உறிஞ்சு குழாயால் குளவிகளை வெளியே இழுத்தார்கள். பிறகு கரியமில வாயுவைச் செலுத்தி, சில நாட்களில் மரத்தையே அறுத்துப் பிளந்தார்கள். ஆறு அடுக்கு அடை, 776 அறைகள். முட்டை, புழு, கூட்டுப்புழு, வளர்ந்தவை என எல்லாப் பருவத்திலும் ஏறத்தாழ 500 உயிர்கள். எண்ணியவர்களைத் திகைக்க வைத்தது ராணிகளின் கணக்கு. வளர்ந்து வெளிவந்த ராணிகள் மட்டும் 76. அறைகளுக்குள் காத்திருந்தவற்றையும் சேர்த்தால் 200ஐ நெருங்கியது. இன்னும் ஓரிரு வாரம் தாமதித்திருந்தால் அவை பறந்து, இணைசேர்ந்து, வாட்கம் மாவட்டத்து மண்ணுக்குள் சிதறி உறங்கப் போயிருக்கும். பிறகு எந்த ரேடியோவாலும் அவற்றைத் தேடியிருக்க முடியாது.

2021 ஆகஸ்டில், பிளெய்னுக்குக் கிழக்கே ஒருவர் தன் வீட்டில் காகிதக் குளவிக் கூட்டைத் தாக்கிக்கொண்டிருந்த பெருங்குளவியைப் படமெடுத்து அனுப்பினார். அங்கிருந்து தொடங்கிய தேடலில் இறந்த ஆல்டர் மரத்தின் அடியில் மற்றொரு கூடு அகப்பட்டது. ஒன்பது அடுக்கு அடை, எல்லாப் பருவத்திலும் சேர்த்து 1,500 உயிர்கள். செப்டம்பருக்குள் மேலும் இரண்டு கூடுகள் அழிக்கப்பட்டன. உறுதிசெய்யப்பட்ட தகவல்களில் ஏறத்தாழ பாதி பொதுமக்கள் தந்தவை. அதன்பின் 2022இல் ஒன்றும் இல்லை. 2023இலும் இல்லை, 2024இலும் இல்லை. பொறிகள் மட்டும் தொங்கிக்கொண்டே இருந்தன. மூன்று முழு ஆண்டுகள் எதுவும் அகப்படாத நிலையில், 2024 டிசம்பர் 18 அன்று மாநில வேளாண்துறையும் அமெரிக்க வேளாண்துறையும் பெருங்குளவி நாட்டிலிருந்து ஒழிக்கப்பட்டுவிட்டதாக அறிவித்தன.

குளவியின் ஓராண்டுச் சக்கரம் இந்த வெற்றிக்கு உதவியது. இலையுதிர்காலத்துக்குள் கூட்டை எடுத்துவிட்டால் அந்த ஆண்டின் ராணிகள் அத்தனையும் போய்விடும். எறும்பைப் போலவோ கரையானைப் போலவோ ஆண்டுக்கணக்கில் பதுங்கியிருக்க இதனால் முடியாது. வந்த ராணிகளும் மிகச் சிலவே. நல்வாய்ப்பும் இருந்தது என்று நான் நம்புகிறேன். ஆனால் நல்வாய்ப்பைப் பயன்படுத்த ஆட்கள் இருந்தார்கள் என்பதுதான் முக்கியம். வேறோர் இடத்தில் அதே போன்ற தொடக்கத்திலிருந்து என்ன நடந்தது என்பதைப் பார்த்தால் இது விளங்கும்.

பிரான்ஸின் தென்மேற்கில், ஆழான் நகரை ஒட்டிய பகுதியில் 2004இல் இன்னொரு ஆசியக் குளவி தென்பட்டது. மஞ்சள்காலிக் குளவி, வெஸ்பா வெலுட்டினா. சீனாவிலிருந்து வந்த மண்பாண்டச் சரக்கில் உறங்கியபடி வந்திருக்கலாம் என்று கருதுகிறார்கள். உருவில் மாண்டரீனியாவைவிட மிகச் சிறியது, திரண்டுவந்து படுகொலை செய்வதும் இல்லை. ஆகவே தொடக்கத்தில் யாரும் அவ்வளவு பதறவில்லை. ஐரோப்பாவில் பரவியிருக்கும் இந்தக் குளவிகள் அனைத்தும் பல ஆண்களோடு இணைசேர்ந்த ஒரே ஒரு ராணியின் வழிவந்தவை என்று 2015இல் வெளியான மரபணு ஆய்வு முடிவுக்கு வந்தது. நெருங்கிய உறவுக்குள்ளேயே இனம்பெருகியதால் மலட்டு ஆண்கள் பிறந்தபோதும் பரவல் நிற்கவில்லை. ஸ்பெயின், போர்ச்சுகல், இத்தாலி, ஜெர்மனி, பெல்ஜியம் என்று போய், 2016இல் ஆங்கிலக் கால்வாயைத் தாண்டி இங்கிலாந்தின் டெட்பரியில் கூடு கட்டியது.

இதன் வேட்டை முறை மெதுவானது, அதனாலேயே கொடியது. பெட்டிக்கு முன்னால் அந்தரத்தில் நின்று, சுமையோடு திரும்பும் தேனீக்களை ஒவ்வொன்றாகத் தட்டிப் பறித்துப் போகும். நான்கைந்து குளவிகள் இப்படி வாசலில் மிதந்தால் தேனீக்கள் வெளியே வருவதையே நிறுத்திவிடும். பூக்கள் தோட்டத்தில் இருக்கும், தேனும் இருக்கும், கூட்டம் மட்டும் உள்ளே முடங்கிப் பட்டினி கிடக்கும். குளவி கொன்ற தேனீக்களைவிட, பயத்தால் சேமிப்பு குறைந்து குளிர்காலத்தில் சாகும் தேனீக்கள் மிகுதி. கூடுகள் உயர்ந்த மரங்களின் உச்சியில் இலைமறைவில் இருக்கும். இலை உதிர்ந்த பிறகு கண்ணில் படும்போது ராணிகள் வெளியேறிப் பல நாட்கள் ஆகியிருக்கும். பீரும் சர்க்கரைப் பாகும் வைத்து ஐரோப்பியர்கள் பொறிகள் தொங்கவிட்டார்கள். அவற்றில் மஞ்சள்காலியைவிடப் பன்மடங்கு உள்ளூர்ப் பூச்சிகள் விழுந்து செத்தன. தேனீயைக் காப்பதற்காக ஆயிரக்கணக்கான பட்டாம்பூச்சிகளையும் ஈக்களையும் வண்டுகளையும் மூழ்கடிப்பது சரியான வழி என்று எனக்குப் படவில்லை. ஆனால் பரவிமுடிந்த பின் சரியான வழிகள் பெரும்பாலும் மிஞ்சுவதில்லை.

ஐரோப்பாவிலேயே ஓர் இடத்தில் இது தடுக்கப்பட்டது. ஸ்பெயினின் மயோர்க்கா தீவில் 2015இல் மஞ்சள்காலி கண்டுபிடிக்கப்பட்டவுடன் அதிகாரிகளும் தேனீ வளர்ப்பாளர்களும் தன்னார்வலர்களும் சேர்ந்து, குளவிகள் பறந்துபோகும் திசையைப் பல இடங்களிலிருந்து குறித்து, கோடுகள் சந்திக்கும் இடத்தில் கூடுகளைத் தேடி அழித்தார்கள். 2018 முதல் அங்கே புதிய கூடு காணப்படவில்லை. கடல் சூழ்ந்த தீவு என்பது உதவியது. முதல் ஆண்டிலேயே கண்டுகொண்டது அதைவிட உதவியது.

பொறியில் எதை வைப்பது என்பதிலும் இப்போது தெளிவு பிறந்திருக்கிறது. மாண்டரீனியா ராணிகள் ஆண்களை ஈர்க்கச் சுரக்கும் வாசனையின் மூலக்கூறுகளை, ஹெக்சனாயிக், ஆக்டனாயிக், டெகனாயிக் அமிலங்கள் என்று சீன, அமெரிக்க ஆய்வாளர்கள் சேர்ந்து பிரித்தறிந்து 2022இல் வெளியிட்டார்கள். பழச்சாறு எல்லாப் பூச்சிகளையும் அழைக்கும். இந்த வாசனை இந்தக் குளவியின் ஆண்களை மட்டுமே அழைப்பது. உளவுக் குளவியின் குறியைப் படிக்கும் ஜப்பானியத் தேனீ செய்வதைத்தான் மனிதர்களும் கற்றுக்கொண்டிருக்கிறார்கள், சில லட்சம் ஆண்டுகள் பிந்தி.

வாஷிங்டனில் பெருங்குளவியைத் தேடிக்கொண்டிருந்த அதே காலத்தில், 2023 ஆகஸ்டில், அமெரிக்காவின் மறு கரையில், ஜார்ஜியா மாநிலத்துச் சவான்னா துறைமுகத்தை ஒட்டிய பகுதியில் தேனீ வளர்ப்பவர் ஒருவர் தம் பெட்டிகளருகே அறிமுகமில்லாத குளவியைக் கண்டு மாநில வேளாண்துறைக்குத் தகவல் கொடுத்தார். அது மஞ்சள்காலி. அந்த ஆண்டே அங்கு கூடுகள் கண்டுபிடிக்கப்பட்டு அழிக்கப்பட்டன. அண்டை மாநிலமான தெற்குக் கரோலினாவிலும் தென்பட்டது. இப்போது அங்கே ஆண்டுதோறும் குளிர் விலகும் முன்பே, மண்ணிலிருந்து எழும் முதல் ராணிகளைப் பிடிப்பதற்காகப் பொறிகள் கட்டுகிறார்கள். வசந்தத்தில் பிடிபடும் ஒரு ராணி கோடையில் ஒரு கூட்டுக்குச் சமம்.